செயலாளரின் இடுப்பு

என் வீட்டுக்காரர் முஹ்தாருக்கு இடுப்பு வலி. இதை இருபத்திரண்டு வருடமாக நான் ஊருக்குச் சொல்லிக்கொண்டு வருகிறேன். இருபத்திரண்டு வருடமும் பொய்.

ஆரம்பித்தது எங்களுக்குக் கல்யாணமான முதல் வெள்ளிக்கிழமை. ஜும்மா முடிந்ததும் பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் கூப்பிட்டார்கள்: மீன்குட்டை ஓரத்து வீட்டை மேட்டுத் தெருவுக்குக் கொண்டுபோக வேண்டும், ஆண்களெல்லாம் வாருங்கள். எங்கள் பக்கத்தில் வீடு என்றால், கற்கள் மேல் ஊன்றின ஆள் உயரத் தூண்களில் நிற்கிற மரவீடு. இடம் மாற்ற வேண்டுமென்றால் யாரும் பிரித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதில்லை. தூண்களுக்குக் குறுக்கே மூங்கில் கட்டி, நூறு பேர் நூற்றைம்பது பேர் தோள் கொடுத்து, கூரையோடு தூக்கிப் போய் வைத்துவிடுவார்கள். பெண்கள் சமைப்போம். கூலியெல்லாம் கிடையாது. இன்றைக்கு உன் வீடு, நாளைக்கு என் வீடு, அவ்வளவுதான்.

புது மாப்பிள்ளை அன்றைக்கு மகஸார் நகரத்தில் தைத்த வெள்ளைச் சட்டை போட்டிருந்தார். தோளில் மூங்கில் பட்டால் சட்டை என்னாவது? "இடுப்பு ஒரு மாதிரி இருக்குன்னு சொல்லிடு தென்ரி" என்றார். சொன்னேன். புதுப் பெண்டாட்டி வேறென்ன செய்வாள்? அந்தச் சட்டை கிழிந்து, கைப்பிடித் துணியாகி, கடைசியில் அதுவும் போய்விட்டது. இடுப்பு வலி மட்டும் போகவில்லை. ஒவ்வொரு முறை ஒலிபெருக்கி கூப்பிடும்போதும் டாண் என்று வந்துவிடும். தூக்கினவர்கள் சாப்பிட்டு முடித்துக் கிளம்பும் நேரத்தில் சரியாகிவிடும்.

நான் மட்டும் ஒரு வீடு விடாமல் சமைக்கப் போனேன். அரிசி களைவேன், வாழைப்பழத்தை மசித்து இலையில் மடித்து வேகவைப்பேன். என் பக்கத்தில் எப்போதும் ஜும்ரியா உட்கார்ந்திருப்பாள். வீடு தூக்குகிறபோது விசில் ஊதி ஆட்களை நடத்துகிற அம்போ உபேவின் மனைவி அவள். மீன் செதிலைச் சுரண்டிக்கொண்டே, "ஏண்டி தென்ரி, அவரு இடுப்பு எப்படி இருக்கு?" என்பாள். உடனே பத்துப் பெண்கள் தலையைக் குனிந்துகொண்டு சிரிப்பில் குலுங்குவார்கள். "அப்படியேதான் இருக்கு" என்பேன். மானம் போகும். வீட்டுக்கு வந்து அவரிடம் கத்துவேன்.

அவர் அதற்கும் ஒரு பதில் வைத்திருந்தார். "கிரேன் இருக்கிற காலத்துல வீட்டைத் தோள்ல தூக்கிட்டுத் திரியிறானுங்க. இந்த ஊர் முன்னேறுமா?"

முன்னேற்றம் என்றால் அவருக்கு உயிர். சிமெண்டும் தகரக் கூரையும் விற்கிற கடைக்காரர் வேறு எப்படி இருப்பார்? நான்கு வருடம் முன்பு சாலைக் கமிட்டி என்று ஒன்றைத் தொடங்கி, தானே செயலாளர் ஆனார். பாரெபாரே போகிற பெரிய சாலையிலிருந்து எங்கள் ஊர் வழியாகத் துறைமுகத்துக்கு அகலமான தார்ச்சாலை வேண்டுமென்று மனுமேல் மனு போட்டார். சாலை வேண்டாமென்று நானும் சொல்லவில்லை. ஜும்ரியாவின் மகளுக்குப் பிரசவ வலி எடுத்தபோது ஆம்புலன்ஸ் குறுகின பாலத்துக்கு அந்தப் பக்கமே நின்றுவிட்டது. கட்டிலோடு தூக்கிப் போனார்கள். அன்றைக்கும் இவருக்கு இடுப்பு வலிதான், அதை விடுங்கள்.

மனு பலித்தது. அளக்க வந்தார்கள். யூலி என்று ஒரு பெண் எஞ்சினியர், மஞ்சள் தொப்பி, சின்ன வயது. இவர் அவளுக்கு முன்னால் முன்னால் ஓடி, இளநீர் வெட்டிக் கொடுத்து, அளக்கிற கருவியின் முக்காலியைக்கூடத் தூக்கினார். அப்போது இடுப்பு எங்கே போனதோ! அவள் குறித்த கோடு ஏழு வீடுகளைத் தொட்டது. முதல் வீடு எங்களுடையது. சுவரில் சிவப்புப் பெயிண்ட்டால் பெருக்கல் குறி போட்டுவிட்டு, "மன்னிச்சுக்குங்க ஐயா" என்றாள். இவர் வாயைத் திறந்தவர் மூடவில்லை. நுணலும் தன் வாயால் கெடும் என்பது சும்மாவா?

விஷயம் இதுதான். மாதக் கடைசிக்குள் வீடு கோட்டைவிட்டு நகர்ந்திருக்க வேண்டும். இல்லையென்றால் இடிப்பார்கள். இடித்தால் சந்தைக்குப் பின்னால் வரிசையாகக் கட்டியிருக்கிற சிமெண்ட் வீடுகளில் ஒன்று தருவார்கள். எங்களுடையது நான் பிறந்தபோது என் அப்பா எனக்காகக் கட்டின வீடு. அதை எழுப்பினபோது அதன் நடுத்தூணில், தொப்புள் தூண் என்போமே அதில், தேங்காயும் வாழைத்தாரும் கட்டியிருந்தார்களாம். என் இரண்டு பிள்ளைகள் பிறந்ததும் அந்தத் தூணுக்குப் பக்கத்தில்தான். பின்னால் என் வாழைத்தோட்டம் இருக்கிறது. நாற்பதடி பின்னால் நகர்த்தினால் போதும், வீடு பிழைத்துவிடும்.

"சிமெண்ட் வீடும் நல்லாத்தான் இருக்கும் தென்ரி. குளியலறைக்கு டைல்ஸ் போட்டிருக்கான்" என்றார்.

"நீங்க போய்க் குளிங்க. நான் இந்த வீட்டை விட்டு இறங்க மாட்டேன். இடிக்கிறவன் என்னையும் சேர்த்து இடிக்கட்டும்" என்றேன்.

நான் சொன்னால் செய்வேன் என்று அவருக்குத் தெரியும். மறுநாளே நகரத்துக்குப் போய்க் கிரேன் பேசிவிட்டு வந்தார். முகத்தில் அப்படி ஒரு பெருமை. கிரேன் வந்தது. பாலம் வரைக்கும் வந்தது. ஓட்டுநர் இறங்கி, பாலத்தைப் பார்த்தான், தெருவைப் பார்த்தான், இவரைப் பார்த்தான்.

"இதுல எப்படிங்க வர்றது? முதல்ல ரோட்டை அகலமாக்குங்க. அப்புறம் கூப்பிடுங்க, வரேன்."

"ரோட்டை அகலமாக்கத்தான்யா வீட்டை நகர்த்தணும்!"

"அப்போ வீட்டை நகர்த்திட்டுக் கூப்பிடுங்க" என்று சொல்லி, பின்பக்கமாகவே ஓட்டிக்கொண்டு போய்விட்டான். பாலத்தில் உட்கார்ந்திருந்த அத்தனை பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். சாயங்காலத்துக்குள் குழந்தைகள்கூட அதை நடித்துக் காட்டின.

அன்றைக்கு ஜும்ரியா வந்தாள். "நீ ஒரு வார்த்தை சொல்லுடி. உன் கையால சாப்பிடாதவன் இந்த ஊர்ல இல்ல. நாளைக்கே வந்து தூக்குவானுங்க" என்றாள். எனக்கு ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் மாட்டேன் என்றேன். நான் கேட்டால் வீடு நகரும். இந்த மனுஷன் நகர மாட்டார். கேட்க வேண்டியது அவர்.

அவர் எப்படிக் கேட்டார் தெரியுமா? ஊர் வாட்ஸ்அப் குழுவில் ஒரு செய்தி போட்டார். "வருகிற வெள்ளிக்கிழமை என் இல்லத்தைத் தூக்கிவைத்து ஒத்துழைப்பு நல்குமாறு பணிவன்புடன் கேட்டுக்கொள்கிறேன். இப்படிக்கு, செயலாளர், சாலைக் கமிட்டி." ஐந்து நிமிடத்தில் பதில்கள் கொட்டின. ஒருவன் தைலப் புட்டியின் படம் அனுப்பினான். ஒருவன் கூன் விழுந்த குரங்கு. ஒருவன் கிரேன் படம். அம்போ உபே மட்டும் எழுத்தில் அனுப்பியிருந்தார்: "தம்பி, எனக்கும் ஒரு மாதிரி இருக்கு."

போனை வைத்துவிட்டுச் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். இருபத்திரண்டு வருடத்தில் அவரை அப்படிப் பார்த்ததில்லை. பாவமாகத்தான் இருந்தது. காட்டிக்கொள்ளவில்லை.

"எழுந்திரிங்க. சட்டையைப் போடுங்க. வீடு வீடாப் போய்க் கேளுங்க" என்றேன்.

"என்னன்னு கேக்குறது?"

"வாயால கேளுங்க. இடுப்பாலயா கேக்கச் சொன்னேன்?"

கூடவே போனேன், வழியிலேயே திரும்பிவிடுவார் என்று. முதலில் அம்போ உபே வீடு. அவர் மீன் வலையைப் பிரித்துக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்ததும் எழுந்து, ஒரு தலையணையைக் கொண்டுவந்து என் வீட்டுக்காரரின் முதுகுக்குப் பின்னால் வைத்தார்.

"சாஞ்சுக்கங்க செயலாளரே. இடுப்பைப் பாத்துக்கணும்."

"அண்ணே..."

"படி ஏறி வந்திருக்கீங்க. ஏழு படி! ஜும்ரியா, தைலம் இருக்கா பாரு."

"அண்ணே, வீட்டைத் தூக்கணும்" என்றார் இவர், தரையைப் பார்த்துக்கொண்டு.

"எந்த வீட்டை?"

"என் வீட்டை."

"கிரேன் வரலையா?"

ஜும்ரியா உள்ளே புரையேறி இருமினாள். அம்போ உபே காபி கொடுத்தார், பலகாரம் கொடுத்தார், மழை பற்றிப் பேசினார். வருகிறேன் என்றும் சொல்லவில்லை, வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை. "அல்லாஹ் நாடினா வெள்ளிக்கிழமை பாப்போம்" என்றார். அடுத்த வீட்டிலும் அதே தலையணை, அதே காபி, அதே "பாப்போம்". நாற்பத்தோரு வீடு ஏறி இறங்கினோம். நாற்பத்தோரு காபி. ராத்திரி அவருக்குத் தூக்கமே வரவில்லை.

வியாழக்கிழமை சாமான்களைக் காலி செய்தோம். அலமாரி, பாத்திரம், கண்ணாடி எல்லாம் பக்கத்து வீட்டில். தொப்புள் தூணில் தேங்காயும் வாழைத்தாரும் நானே கட்டினேன். வெள்ளிக்கிழமை விடியும் முன்பே பெண்கள் வந்துவிட்டார்கள். இலைப் பணியாரம் நானூறு வெந்தது. பெரிய அண்டாவில் புளிபோட்ட மீன் குழம்பு. ஜும்மா முடிந்தது. ஒலிபெருக்கியில் கூப்பிட்டார்கள். தெருவைப் பார்த்தேன். ஒரு கோழி கடந்து போனது.

கால் மணி நேரம் போனது. அரை மணி நேரம் போனது. இவர் வாசலில் நின்று தெருமுனையையே பார்த்துக்கொண்டிருந்தார். "வரமாட்டாங்க தென்ரி. நான் செஞ்சதுக்கு வரமாட்டாங்க" என்றார்.  படி ஏறிப் போய்த் தொப்புள் தூணுக்குப் பக்கத்தில் சப்பணம் போட்டு உட்கார்ந்துவிட்டேன். இடித்தாலும் சரி, தூக்கினாலும் சரி, நான் இங்கேதான்.

அப்போதுதான் வெளியே பெண்கள் சிரித்தார்கள். சிரிப்பு என்றால் அப்படி ஒரு சிரிப்பு. ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தேன். நூற்றைம்பது ஆண்கள் வருகிறார்கள். எல்லாரும் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு, கூனிக் கூனி, "அய்யோ, அம்மா" என்று முனகிக்கொண்டு. சட்டையைத் தூக்கிக் கட்டியிருக்கிறார்கள். ஒவ்வொரு இடுப்பிலும் வலிப் பிளாஸ்திரி. எங்கள் ஊர்க் கடையில் அவ்வளவு இருக்காது, நகரத்துக்குப் போய் வாங்கியிருக்க வேண்டும். பள்ளிவாசல் இமாமின் இடுப்பிலும் ஒன்று இருந்தது.

இவர் முகம் சிவந்து, கறுத்து, பிறகு தானும் சிரித்துவிட்டார். பணியாரம் சாப்பிட்டார்கள். மூங்கில் கட்டினார்கள். நான் இறங்க மாட்டேன் என்றதற்கு அம்போ உபே, "இருந்துட்டுப் போகட்டும், தங்கச்சி என்ன அலமாரியா?" என்றார். விசிலை ஊதினார். "ஒண்ணு, ரெண்டு, ஹோய்!"

வீடு எழுந்தது. வயிறு ஒரு கணம் மிதந்தது. உடனே நடுவில் லொடக்கென்று தாழ்ந்து, மறுபடி கல்லில் உட்கார்ந்தது. இன்னொரு முறை. அதேபோல்.

தரைப்பலகைகளுக்கு நடுவில் விரல் அகலம் இடைவெளி இருக்கும். குனிந்து பார்த்தேன். கீழே தலைகள், தோள்கள், பிளாஸ்திரிகள். எனக்கு நேர் கீழே, தொப்புள் தூணை ஒட்டிக் கட்டின மூங்கிலில் மட்டும் ஓர் ஆள் நிற்கிற இடம் காலியாக இருந்தது. தற்செயலாக விட்ட இடம் இல்லை. இரண்டு பக்கத்தில் நின்றவர்களும் நன்றாகவே தள்ளி நின்றிருந்தார்கள்.

"ஒரு ஆள் குறையுது" என்றார் அம்போ உபே. "செயலாளரே, அந்தப் போனைப் பொம்பளைங்ககிட்ட குடுங்க."

இவர் வாழை மரத்தடியில் நின்று வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார்! ஊரே திரும்பிப் பார்த்தது. போனை ஜும்ரியா கையில் கொடுத்துவிட்டு, சட்டைக் கையை மடித்துக்கொண்டு, குனிந்து வீட்டுக்கடியில் வந்தார். என் காலுக்குக் கீழே அவருடைய வழுக்கை வந்து நின்றது. அந்த வழுக்கையை அவ்வளவு உயரத்திலிருந்து நான் பார்த்ததே இல்லை.

"இடுப்பு எப்படி இருக்கு?" என்று இடைவெளி வழியாகக் கேட்டேன்.

"சும்மா இருடி" என்றார் கீழேயிருந்து.

"ஒண்ணு, ரெண்டு, ஹோய்!"

வீடு எழுந்தது. இந்த முறை தாழவில்லை. கூரைத் தகரம் கடகடவென்றது. ஜன்னலில் வாழை இலைகள் நகர்ந்தன. விசிலுக்கு ஓர் அடி, விசிலுக்கு ஓர் அடி. எனக்குச் சந்தோஷத்தில் கத்த வேண்டும்போல இருந்தது. குனிந்து பார்த்தால், பத்தாவது அடியில் அந்த வழுக்கை விருட்டென்று நிமிர்ந்தது. முகம் மேலே திரும்பியது. வாய் திறந்திருந்தது, சத்தம் வரவில்லை. கண்ணில் நீர் கோத்துக்கொண்டது. நடிக்கத் தெரிந்த மனிதர்தான், ஆனால் அந்த முகத்தை அவரால் நடிக்க முடியாது.

"நிறுத்துங்க!" என்று கத்தினேன். "அவருக்கு இடுப்பு பிடிச்சுக்கிச்சு!"

நூற்றைம்பது பேரும் சிரித்தார்கள். அவர்கள் சிரித்த சிரிப்பில் வீடே குலுங்கியது.

"நிஜமாத்தான் சொல்றேன்!"

"நீயும் இருபத்திரண்டு வருஷமா நிஜமாத்தான் சொல்ற தங்கச்சி!" என்றது ஒரு குரல். மறுபடி சிரிப்பு. என்ன சொல்ல? நான் விதைத்தது, நானே அறுத்தேன். அவர் தோளை எடுத்திருக்கலாம். பக்கத்திலிருப்பவர்கள் தாங்கியிருப்பார்கள். எடுக்கவில்லை. உதட்டைக் கடித்துக்கொண்டு, விசிலுக்கு ஓர் அடி, விசிலுக்கு ஓர் அடி, மீதி முப்பதடியும் நடந்தார். நான் அந்த இடைவெளியில் கண்ணை வைத்தபடியே கூட வந்தேன்.

வீடு கற்களில் உட்கார்ந்தது. கை தட்டினார்கள். "செயலாளருக்கு நடிப்புக்குப் பரிசு குடுக்கணும்பா" என்று சொல்லிக்கொண்டே குழம்புக்குப் போனார்கள். நான் படியில் இறங்கி ஓடினேன். அவர் இன்னும் வீட்டுக்கடியில் தொப்புள் தூணைக் கட்டிப்பிடித்துக்கொண்டு பாதி வளைந்து நின்றார்.

"வீடு நேரா இருக்கா பாரு" என்றார்.

"இருக்கு."

"அப்போ என்னைக் கொஞ்சம் நேராக்கு."

திங்கட்கிழமை யூலி வந்தாள். கையிலிருந்த காகிதத்தைப் பார்த்தாள், தரையைப் பார்த்தாள். எங்கள் வீடு இருந்த இடத்தில் வரிசையாகக் கற்கள் மட்டும் கிடந்தன. "அம்மா, இங்க ஒரு வீடு இருந்துச்சே?" என்றாள். "நடந்து போயிடுச்சும்மா" என்று வாழைத்தோட்டத்தைக் காட்டினேன். சிவப்புப் பெருக்கல் குறியோடு வீடு அங்கே நின்றது. அதைப் பார்த்துக்கொண்டே இரண்டு பணியாரம் சாப்பிட்டாள். செயலாளர் எங்கே என்று கேட்டாள். குப்புறப் படுத்திருக்கிறார் என்றேன்.

குப்புறப் படுத்தவர் பன்னிரண்டு நாள் எழவில்லை. இஞ்சியும் கிராம்பும் அரைத்துப் பூசினேன். பார்க்க வந்தவர்கள் பூச்சைப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போனார்கள். இன்னும் நம்பவில்லை.

அடுத்த வெள்ளிக்கு அடுத்த வெள்ளி, ஜும்மா முடிந்து ஒலிபெருக்கி கூப்பிட்டது. கோட்டில் மாட்டின இரண்டாவது வீடு அம்போ உபேவுடையது. நான் அரிவாள்மனையை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். திரும்பிப் பார்த்தால் இவர் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்கிறார்.

"எங்க கிளம்பிட்டீங்க? படுங்க! நான் சொல்லிக்கிறேன், இடுப்பு..." என்றவள் அப்படியே நிறுத்திக்கொண்டேன்.

"சொல்லாத தென்ரி" என்றார். "இன்னைக்கு நான் போகலேன்னா, அன்னைக்கு வந்த வலியும் பொய்யாப் போயிடும்."

அங்கே போய்ச் சேர எங்களுக்கு அரை மணி நேரம் ஆனது. நேரே வீட்டுக்கடியில் போய் மூங்கிலில் தோளை வைத்தார். வைக்கும்போது முகம் ஒரு கணம் கோணியது. அம்போ உபே பக்கத்தில் நின்று பார்த்தார்.  இவர் தோளை மெதுவாக எடுத்துவிட்டு, தன் கழுத்திலிருந்த விசிலைக் கழற்றி இவர் கழுத்தில் மாட்டினார். காலியான இடத்தில் அவரே போய் நின்றுகொண்டார்.

நான் அடுப்படிக்குப் போய் உட்கார்ந்து வெங்காயம் நறுக்க ஆரம்பித்தேன். ஜும்ரியா மீன் கழுவுகிற கையை நிறுத்தினாள்.

"தென்ரி, அவரு இடுப்பு எப்படி இருக்கு?"

சுற்றிலும் பத்துப் பெண்கள். ஒருத்தியும் தலையைக் குனியவில்லை, ஒருத்தியும் குலுங்கவில்லை. என் பதிலுக்காகக் காத்திருந்தார்கள்.

"ரொம்ப வலிக்குது அக்கா" என்றேன். கண்ணீர் வந்துவிட்டது. வெங்காயம் என்று சொல்லிக்கொண்டேன். வெளியே விசில் சத்தம் கேட்டது. தாளமே இல்லாமல், ஒரு தடவை ஊத வேண்டிய இடத்தில் மூன்று தடவை ஊதிக்கொண்டிருந்தார் இவர்.